ப்ராக் ராக் ஆல்பங்களை ட்ராக் ட்ராக்காகக் கேட்பது எப்படி? புதியவர்களுக்கு ஒரு வழிகாட்டி

ப்ராக்ரஸிவ் ராக் கேட்கத் தொடங்கும் பலர் சில நாட்களிலேயே கைவிட்டுவிடுகிறார்கள். ஒரு பாட்டு 20 நிமிடம் ஓடுகிறது, பல்லவி எது சரணம் எது என்று பிடிபடுவதில்லை, நடுவில் தாளம் மாறுகிறது, திடீரென்று தேவாலய ஆர்கன் முழங்குகிறது. தாளக் கணக்கைப் படி, பாடல் வரிகளைப் படி என்று ஆளுக்கொரு யோசனை சொல்வார்கள். என் யோசனை வேறு. அந்த ஆல்பங்கள் பதிவான டேப் மெஷினை முதலில் தெரிந்துகொள்ளுங்கள். 1969 முதல் 1975 வரை இங்கிலாந்தில் வந்த இந்த இசைக்கு வடிவம் கொடுத்ததில் கலைஞர்களின் கற்பனைக்கு எவ்வளவு பங்கு உண்டோ, அந்த மெஷினில் எத்தனை ட்ராக் (தனித்தனியாக ஒலி பதியும் தடம்) இருந்தது என்பதற்கும் ஏறக்குறைய அவ்வளவு பங்கு உண்டு. வசதி பெருகியதால்தான் இவை இப்படி வந்தன என்று பொதுவாகச் சொல்வார்கள். வசதி போதாமல் போன இடங்களில்தான் இந்த இசை அதிக அழகு பெற்றது என்பது என் கருத்து. கீழே உள்ள படிகளை வரிசையாகச் செய்து பாருங்கள்.

தொடங்கும் முன்

நல்ல ஹெட்போன் ஒன்று வேண்டும். விலை உயர்ந்ததாக இருக்கத் தேவையில்லை, ஆனால் இடது காதும் வலது காதும் தனித்தனியாகத் தெளிவாகக் கேட்க வேண்டும். போன் ஸ்பீக்கரில் இந்த வேலை நடக்காது.

ஆல்பத்தைத் தேடும்போது ஒன்றைக் கவனியுங்கள். 'ரீமாஸ்டர்' என்று போட்டிருந்தால், அன்று முடித்துவைத்த அதே ஸ்டீரியோ டேப்பைத் துலக்கி வெளியிட்டிருக்கிறார்கள். 'ரீமிக்ஸ்' என்று போட்டிருந்தால், தனித்தனி ட்ராக்குகளுக்கே திரும்பிப் போய்ப் புதிதாகக் கலந்திருக்கிறார்கள். முதலில் பழைய மிக்ஸையே கேளுங்கள். புதியதைக் கடைசிப் படிக்கு வைத்துக்கொள்ளலாம்.

முதல் படி: டேப் எப்படி வேலை செய்கிறது என்று புரிந்துகொள்ளுங்கள்

ஒரு அங்குல அகலமுள்ள டேப்பை எடுத்துக்கொள்வோம். மெஷினின் ஹெட் (டேப்பைத் தொட்டு ஒலியைப் பதியும் அல்லது படிக்கும் பாகம்) எட்டுப் பகுதிகளாகப் பிரிந்திருந்தால், அந்த ஒரே டேப்பில் எட்டு ஒலிகள் பக்கம் பக்கமாக, ஒன்றோடொன்று கலக்காமல் ஓடும். இதுதான் 8 ட்ராக். டிரம்ஸை இன்று பதிவு செய்துவிட்டு, நாளை அதைக் கேட்டுக்கொண்டே இன்னொரு ட்ராக்கில் கிட்டார் வாசிக்கலாம். இதற்குப் பெயர் ஓவர்டப்.

இதில் ஒரு சிக்கல் இருந்தது. பதிவு செய்யும் ஹெட்டும் ஒலிக்கச் செய்யும் ஹெட்டும் மெஷினில் சற்றுத் தள்ளித் தள்ளி இருக்கும். பின்னால் உள்ள ஹெட்டிலிருந்து வரும் டிரம்ஸைக் கேட்டு கிட்டார் வாசித்தால், முன்னால் உள்ள ஹெட் அதை வேறொரு இடத்தில் பதியும். இரண்டும் நூலிழை அளவு பிசகிப் போகும். பதிவு ஹெட்டையே அந்த நேரத்தில் ஒலிக்கும் ஹெட்டாகவும் பயன்படுத்தி ஆம்பெக்ஸ் நிறுவனம் இதைத் தீர்த்தது. அப்படிப்பட்ட 8 ட்ராக் மெஷின் ஒன்று கிட்டார் கலைஞர் லெஸ் பாலின் வீட்டுக்கு 1957லேயே வந்துவிட்டது. லண்டனுக்கு வரத்தான் காலம் பிடித்தது. ஆபி ரோடு சாலையில் இருந்த இஎம்ஐ ஸ்டூடியோவில் 1967இலும் 4 ட்ராக்தான். 1968இல் ட்ரைடென்ட் ஸ்டூடியோவில் 8 ட்ராக் இருந்ததால்தான் பீட்டில்ஸ் 'ஹே ஜூட்' பாட்டை அங்கே போய்ப் பதிவு செய்தார்கள். அடுத்த மூன்று நான்கு ஆண்டுகளில் 16, எழுபதுகளின் நடுவில் 24.

எண்ணிக்கையோடு டேப்பின் அகலத்தையும் பாருங்கள். 8 ட்ராக்குக்கு ஒரு அங்குலம், 16 ட்ராக்குக்கு இரண்டு அங்குலம். அதாவது ஒரு ட்ராக்குக்குக் கிடைக்கும் இடம் குறையவில்லை. 24 ட்ராக் வந்தபோது டேப் அதே இரண்டு அங்குலம்தான், ஆகவே ஒவ்வொரு ட்ராக்கும் ஒடுங்கியது, இரைச்சல் கூடியது. டால்பி போன்ற இரைச்சல் குறைப்புக் கருவிகளின் தேவை அதனால் மேலும் அதிகரித்தது. 16 ட்ராக் காலத்து ஆல்பங்களின் ஒலியில் ஒரு கனம் இருக்கிறது என்று பலர் சொல்வதற்கு இந்த அகலமும் ஒரு காரணம்.

இரண்டாம் படி: நீங்களே ஒரு முறை செய்து பாருங்கள்

இதைத் தவிர்த்துவிட்டு நேராக ஆல்பத்துக்குப் போகத் தோன்றும். போகாதீர்கள். ஒரு மாலைப் பொழுதுக்கான வேலைதான்.

கம்ப்யூட்டரில் ஆடாசிட்டி மாதிரி ஓர் இலவச மென்பொருளைத் திறந்துகொள்ளுங்கள். மூன்று விதிகள். நான்கு ட்ராக்குக்கு மேல் திறக்கக் கூடாது. செய்ததை ரத்து செய்யும் பொத்தானைத் தொடக் கூடாது. பிசிறு வந்தால் அந்த ட்ராக்கை அழித்துவிட்டு முழுதாகத் திரும்ப வாசிக்க வேண்டும்.

முதல் ட்ராக்கில் மேசையைத் தட்டி ஒரு தாளம். இரண்டாவதில் ஒரே சுருதியை நீட்டிப் பாடுங்கள். மூன்றாவதில் ஏதாவது ஒரு மெட்டு. இப்போது இந்த மூன்றையும் கலந்து நான்காவது ட்ராக்கில் ஒன்றாக இறக்குங்கள். இறக்கியதும் பழைய மூன்றையும் அழித்துவிடுங்கள். அன்றைய ஒலிப்பதிவாளர்கள் இதை பவுன்ஸ் என்பார்கள். மறுபடி மூன்று ட்ராக் காலியாகக் கிடைக்கிறது. அவற்றில் மேலும் மூன்று குரல்களைச் சேருங்கள்.

ஆறாவது அடுக்கு வரும்போது மேசைத் தாளம் காதில் விழாமல் அமுங்கிப் போயிருக்கும். அதைத் தனியாக உயர்த்த வழியில்லை, அது மற்ற இரண்டோடு ஒட்டிவிட்டது. இந்தத் தவிப்புதான் பாடம். பின்னால் என்ன வரப்போகிறது என்று தெரிந்துகொண்டு இன்றே முடிவெடுக்க வேண்டும், எடுத்த முடிவை மாற்ற முடியாது. உண்மையான டேப்பில் இன்னொரு தண்டனையும் சேரும். ஒவ்வொரு பவுன்ஸுக்கும் டேப்பின் 'ஸ்ஸ்' இரைச்சல் ஒரு படி ஏறும்.

மூன்றாம் படி: 1969, எட்டு ட்ராக்

முதல் ஆல்பமாக கிங் கிரிம்ஸன் குழுவின் 'இன் தி கோர்ட் ஆஃப் தி கிரிம்ஸன் கிங்'கைப் போடுங்கள். பலர் பிங்க் ஃப்ளாய்டிலிருந்து தொடங்கச் சொல்வார்கள். அதில் ஒட்டு தெரியாமல் அவ்வளவு மழமழவென்று வேலை செய்திருப்பார்கள் என்பதால், கற்றுக்கொள்ள வந்தவருக்கு அது சரியான முதல் பாடம் அல்ல.

1969 கோடையில், லண்டனில் வெஸ்ஸெக்ஸ் ஸ்டூடியோவில், 8 ட்ராக் மெஷினில் பதிவான ஆல்பம் இது. முதலில் வேறொரு தயாரிப்பாளரோடு முயன்று, அது சரிப்பட்டு வராமல், இளைஞர்களான அவர்களே தயாரிப்பையும் கையில் எடுத்துக்கொண்டார்கள். சாக்ஸபோன், புல்லாங்குழல், மெலோட்ரான் மூன்றையும் வாசித்த இயன் மெக்டொனால்டுதான் அடுக்கடுக்காக வேலை செய்தவர்.

மெலோட்ரானைப் பற்றி இங்கே நின்று சொல்லியாக வேண்டும். பார்வைக்குக் கீபோர்டு. உள்ளே ஒவ்வொரு கட்டைக்கும் ஒரு டேப் துண்டு. வயலின் குழுவோ புல்லாங்குழலோ அந்த ஒரு சுரத்தை வாசித்த பதிவு அதில் இருக்கும். கட்டையை அழுத்தினால் டேப் ஓடும். எட்டு விநாடியில் டேப் தீர்ந்துவிடும். விட்டால் ஸ்பிரிங் பின்னால் இழுத்துக்கொள்ளும். அதாவது ஓர் ஆர்க்கெஸ்ட்ரா ஏற்கனவே வாசித்து முடித்ததைத் துண்டு துண்டாக எடுத்து, மறுபடி இன்னொரு டேப்பில் அடுக்குகிறார்கள். 'எபிடாஃப்' பாட்டைப் போட்டு, அந்த வயலின் அலை ஒவ்வொன்றும் எத்தனை விநாடி நிற்கிறது என்று எண்ணுங்கள். எதுவும் எட்டைத் தாண்டி நிற்க முடியாது. அந்த இசைக்கு மூச்சுவிடுவது போன்ற ஓர் ஏற்ற இறக்கம் இருக்கிறதே, அதில் பாதி இந்தக் கட்டுப்பாட்டிலிருந்து வருவது.

அடுத்து ஆல்பத்தின் தலைப்புப் பாட்டு. மெலோட்ரான் ஒன்றல்ல, பல அடுக்கு. எட்டு ட்ராக்கில் இத்தனைக்கும் இடம் கிடையாது, எனவே பவுன்ஸ் செய்துதான் ஆக வேண்டும். அந்தப் பெரிய ஒலிச் சுவர் ஒரே கட்டியாகக் கேட்பது அதனால்தான்.

ஒரு எச்சரிக்கை. எல்லாமே ஓவர்டப் என்று நினைத்துவிடாதீர்கள். 'ட்வென்டி ஃபர்ஸ்ட் செஞ்சுரி ஸ்கிட்ஸாய்ட் மேன்' நடுப்பகுதியில் எல்லா வாத்தியமும் ஒன்றாகப் பாய்ந்து ஒன்றாக நிற்கும் இடத்தைக் கேளுங்கள். டக், நிசப்தம், டக். அந்த ஒழுங்கு டேப்பில் வந்ததல்ல, ஒரே அறையில் நின்று மாதக்கணக்கில் வாசித்ததில் வந்தது. எது கூட்டாக வாசித்தது, எது பின்னால் சேர்த்தது என்று பிரித்துக் கேட்கப் பழகினால் பாதிக் கிணறு தாண்டியாயிற்று.

நான்காம் படி: வெட்டாத டேப்பையும் வெட்டிய டேப்பையும் அருகருகே கேளுங்கள்

இந்த வழிகாட்டியில் ஒரே ஒரு படிதான் செய்ய நேரம் இருக்கிறது என்றால் இதைச் செய்யுங்கள்.

முதலில் பிங்க் ஃப்ளாய்டின் 'ஆட்டம் ஹார்ட் மதர்', 1970, முதல் பக்கம் முழுவதும் ஒரே பாட்டு, 23 நிமிடத்துக்கு மேல். இஎம்ஐ அப்போதுதான் ஸ்டூடரின் புதிய 8 ட்ராக் மெஷின்களை வாங்கியிருந்தது. அந்த ஒரு அங்குல டேப்பை யாரும் பிளேடால் வெட்டி ஒட்டக் கூடாது என்று உத்தரவு. ஒட்டிய இடத்தில் ஒலியின் தரம் கெடும் என்ற பயம். விளைவு என்ன தெரியுமா? பேஸ் கிட்டாரில் ரோஜர் வாட்டர்ஸும் டிரம்ஸில் நிக் மேசனும் 23 நிமிடத்தையும் முதலிலிருந்து கடைசி வரை ஒரே மூச்சில் வாசிக்க வேண்டியதாயிற்று. அதன் மேல்தான் மற்ற எல்லாம் ஏறின: கீபோர்டு, கிட்டார், பின்னர் ரான் கீஸின் எழுதிய பித்தளை வாத்தியங்களும் கோரஸும்.

ஹெட்போனில் பேஸையும் டிரம்ஸையும் மட்டும் பின்தொடருங்கள். தாளம் சில இடங்களில் தளர்கிறது, சில இடங்களில் ஓடுகிறது. அந்த அசையும் தரையின் மேல்தான் நோட்டைப் பார்த்து வாசிக்கும் பித்தளைக் குழு நிற்க வேண்டியிருந்தது. பிங்க் ஃப்ளாய்டின் சிறந்த படைப்பு இது என்று சொல்ல மாட்டேன். ஆனால் ஒரு நிர்வாக உத்தரவு இசையின் நடையையே மாற்றியதற்கு இதைவிடத் தெளிவான சாட்சி கிடைப்பது அரிது.

இப்போது யெஸ் குழுவின் 'க்ளோஸ் டு தி எட்ஜ்', 1972. லண்டன் அட்விஷன் ஸ்டூடியோ, 16 ட்ராக், ஒலிப்பதிவாளரும் இணைத் தயாரிப்பாளருமான எடி ஆஃபோர்ட். இங்கே பிளேடுக்குத் தடை இல்லை. 18 நிமிடப் பாட்டை அவர்கள் முழுதாக ஒத்திகை பார்த்துவிட்டு வந்து வாசிக்கவில்லை. சில பார்களை (தாளச் சுற்றுகளை) அங்கேயே உருவாக்கி, பழகி, பதிவு செய்வார்கள். பிறகு அடுத்த துண்டு. ஆஃபோர்ட் டேப்பை வெட்டி, முன்னதோடு ஒட்டுவார். மேடையில் வாசிக்கும் நேரம் வந்தபோது, தாங்கள் செய்த பாட்டைத் தாங்களே ஆல்பத்திலிருந்து கற்றுக்கொள்ள வேண்டியிருந்தது.

கேட்கும் முறை இது. ஒரு தாளை எடுத்துக்கொள்ளுங்கள். அறையின் ஒலி மாறுவதாகத் தோன்றும் ஒவ்வொரு இடத்திலும் நிமிடத்தைக் குறியுங்கள். பாட்டு பறவைச் சத்தத்தில் தொடங்குகிறது. அதை அறுத்துக்கொண்டு குழு உள்ளே பாய்கிறது. முதல் குறி. அந்தக் கலவரத்துக்கு நடுவே குரல்கள் மட்டும் ஒரு கணம் நின்று மறைகின்றன. அங்கே இன்னொன்று. 12ஆவது நிமிடத்தையொட்டிக் குழாய் ஆர்கன் முழங்குகிறதே, அது ஸ்டூடியோவிலேயே வாசித்ததல்ல. லண்டனில் செயின்ட் ஜைல்ஸ் கிரிப்பிள்கேட் தேவாலயத்தில் குழுவின் கீபோர்டு கலைஞர் ரிக் வேக்மன் வாசித்ததைப் பதிவு செய்து கொண்டுவந்து சேர்த்தது. கல் கட்டடத்தின் எதிரொலி அப்படியே தெரியும். அது முடிந்து குழு திரும்பி வரும் இடத்தில் காற்றே மாறிவிட்ட மாதிரி இருக்கும்.

இந்த ஒட்டுகளைக் கண்டுபிடிப்பது குறை காண்பதற்கு அல்ல. கட்டுமானத்தைப் பார்ப்பதற்கு. ஒரு பகுதிக்கும் அடுத்ததற்கும் இடையே எந்த மாற்றமும் சாத்தியம் என்று தெரிந்த பிறகுதான் ஒரு குழு இப்படி எழுதத் துணியும்.

நேரம் பற்றியும் ஒரு வார்த்தை. 'க்ளோஸ் டு தி எட்ஜ்' 18 நிமிடம், 'ஆட்டம் ஹார்ட் மதர்' 23, பிங்க் ஃப்ளாய்டின் 'எக்கோஸ்' 23, ஜெனசிஸின் 'ஸப்பர்ஸ் ரெடி' கிட்டத்தட்ட 23. ஒலியின் தரம் குறையாமல் இசைத்தட்டின் ஒரு பக்கம் ஏறக்குறைய அவ்வளவுதான் தாங்கும் என்பதே காரணம். டேப்புக்கும் ஓர் எல்லை உண்டு. 2,500 அடி சுருள், விநாடிக்கு 15 அங்குல வேகத்தில் 33 நிமிடம் ஓடும். தரம் வேண்டி 30 அங்குலத்துக்குப் போனால் 17 நிமிடம்கூட முழுதாகக் கிடைக்காது. அந்த வேகத்தில் துண்டு துண்டாகப் பதிவு செய்யாமல் 23 நிமிடப் பாட்டுக்கு வழியே இல்லை.

ஐந்தாம் படி: வாத்தியமே இல்லாத தாளம்

'தி டார்க் சைடு ஆஃப் தி மூன்', 1973. ஆபி ரோடு, 16 ட்ராக், ஒலிப்பதிவாளர் ஆலன் பார்சன்ஸ். இதில் 'மனி' பாட்டின் தொடக்கத்தை மட்டும் எடுத்துக்கொள்வோம்.

கல்லாப்பெட்டி, சில்லறை, கிழியும் காகிதம் என்று ஏழு சத்தங்கள் ஒரு தாளமாகச் சுழல்கின்றன. சில்லறை ஒலிகளில் ஒன்றுக்காகப் பழைய பென்னி நாணயங்களில் ஓட்டை போட்டுச் சரத்தில் கோத்தார்கள். இன்னொன்றுக்காக வாட்டர்ஸ் ஒரு கிண்ணத்தில் காசுகளைச் சுழற்றிப் பதிவு செய்தார். பிறகு ஒவ்வொரு சத்தமும் இருந்த டேப் துண்டை ஸ்கேல் வைத்து அளந்து, ஒரே நீளத்துக்கு வெட்டி, ஏழையும் வரிசையாக ஒட்டி, இரு முனைகளையும் இணைத்து வளையமாக்கினார்கள். டேப்பில் நீளம்தான் நேரம். ஆகவே ஒரே நீளமுள்ள ஏழு துண்டு என்றால் பிசகாத ஏழு அட்சரம். பாட்டு ஏழு எண்ணிக்கையில் நடப்பதும் அந்த வளையமும் ஒன்றுக்கொன்று பொருந்தி நிற்கின்றன.

விரலை மடக்கி எண்ணிக்கொண்டே கேளுங்கள். வளையம் மெல்ல மறைந்த பிறகு குழு கொஞ்சம் கொஞ்சமாக வேகம் பிடிப்பது கேட்கும். சாக்ஸபோன் வரை ஏழுதான். கிட்டார் தனி வாசிப்பு தொடங்கும்போது நான்குக்கு மாறிவிடும். அந்த இடத்தில் உடம்பே லேசாவது போல இருக்கும்.

16 ட்ராக் இருந்தும் அவர்களுக்குப் போதவில்லை. நிறைந்ததைச் சுருக்கி இரண்டாவது 16 ட்ராக் டேப்பில் இறக்கி, மிச்ச இடத்தில் மேலும் சேர்த்தார்கள். இரண்டாம் படியில் நீங்கள் செய்ததேதான்.

ஆறாம் படி: ஒரே ஆள்

மைக் ஓல்ட்ஃபீல்டின் 'ட்யூபுலர் பெல்ஸ்' 1973 மே மாதம் வெளிவந்தது. வர்ஜின் நிறுவனத்தின் முதல் ஆல்பம். வேலை தொடங்கியபோது அவருக்கு வயது 19. ஆக்ஸ்ஃபோர்டுஷயரில் தி மேனர் என்ற பழைய மாளிகையில் அமைந்த ஸ்டூடியோ, ஆம்பெக்ஸ் 16 ட்ராக் மெஷின், டாம் நியூமன், சைமன் ஹெய்வொர்த் என்ற இரு ஒலிப்பதிவாளர்கள். சில வாத்தியங்களும் குரல்களும் தவிர எல்லாம் ஓல்ட்ஃபீல்டே.

அதற்கு முந்தைய கதை முக்கியம். வீட்டில் இரவல் வாங்கிய சாதாரண டேப் ரெக்கார்டரில் அவர் மாதிரிப் பதிவு செய்தார். புதிதாகப் பதியும்போது பழையதை அழிக்கும் ஹெட் ஒன்று அதில் இருக்குமே, அதை மறைத்துவிட்டார். பழையது அழியாமல் புதியது அதன் மேலேயே விழுந்தது. 16 ட்ராக்கில் தனியாக ஒரு குழுவைக் கட்டும் துணிச்சல் அங்கேயே தொடங்கிவிட்டது.

புதியவருக்கு இந்த ஆல்பத்தில் ஒரு பெரிய உதவி இருக்கிறது. முதல் பக்கத்தின் கடைசிப் பகுதியில் ஒரே பேஸ் மெட்டு திரும்பத் திரும்ப ஓட, பாடகர் விவியன் ஸ்டான்ஷல் ஒவ்வொரு வாத்தியத்தையும் பெயர் சொல்லி அழைக்கிறார். அழைத்ததும் அது நுழைகிறது. ட்ராக்குகளின் பட்டியலையே உரக்கப் படிப்பதுபோல. அதில் 'டபுள் ஸ்பீடு கிட்டார்' வரும்போது நிறுத்திக் கேளுங்கள். மாண்டலின் மாதிரிச் சிணுங்கும். டேப்பைப் பாதி வேகத்தில் ஓடவிட்டுக் கிட்டார் வாசித்து, பின் முழு வேகத்தில் ஒலிக்கவிட்டால் சுரம் ஒரு ஸ்தாயி மேலே ஏறும். அவ்வளவுதான் ரகசியம். ஒவ்வொரு பெயருக்குப் பிறகும் ஏற்கனவே உள்ள வாத்தியங்கள் இன்னும் காதில் நிற்கின்றனவா என்று சோதியுங்கள். இந்தப் பயிற்சியைப் போல் காதைத் தீட்டுவது வேறில்லை.

ஏழாம் படி: பழைய மிக்ஸ், புதிய மிக்ஸ்

அந்த நாட்களில் மிக்ஸிங் என்பது ஒவ்வொரு ட்ராக்கின் ஒலியளவையும் கூட்டிக் குறைக்கும் ஃபேடர்களைக் கையால் நகர்த்துவது. கம்ப்யூட்டர் நினைவில் வைத்துக்கொள்ளாது. இடம் போதாதபோது குழுவினரே சுற்றி நின்று ஆளுக்கு இரண்டு ஃபேடரைப் பிடித்துக்கொள்வார்கள்.

இன்று இசைக் கலைஞர் ஸ்டீவன் வில்சன் இந்த ஆல்பங்கள் பலவற்றை மறுபடி கலந்திருக்கிறார். கிங் கிரிம்ஸனின் 1969 ஆல்பத்தை அந்தக் குழுவின் கிட்டார் கலைஞர் ராபர்ட் ஃப்ரிப்புடன் சேர்ந்து செய்தது 2009இல் வந்தது. பவுன்ஸ் செய்வதற்கு முந்தைய டேப்புகளைத் தேடியெடுத்து, கம்ப்யூட்டரில் ஒத்திசைத்து, அன்று ஒன்றாக ஒட்டிப்போன அடுக்குகளை அவர்கள் மறுபடி பிரித்தார்கள். தலைப்புப் பாட்டின் அதே ஒரு நிமிடத்தை இரண்டு பதிப்பிலும் மாற்றி மாற்றிக் கேளுங்கள். புதியதில் மெலோட்ரான் விரிந்து நிற்கும், குரலைச் சுற்றி இடம் இருக்கும். பழையதில் எல்லாம் நெருக்கியடித்துக்கொண்டு முன்னே வரும். எனக்கு இன்னும் பழையதே பிடிக்கிறது, ஆனால் கற்றுக்கொள்ளப் புதியது பெரும் துணை. இரண்டுக்கும் இடையே என்ன வேறுபாடு என்று நான்கு வரி எழுதிவைத்துவிட்டு அடுத்த ஆல்பத்துக்குப் போங்கள்.

அடுத்தது எது? வான் டெர் கிராஃப் ஜெனரேட்டரின் 'பான் ஹார்ட்ஸ்', 1971, இரண்டாம் பக்கம். ட்ரைடென்ட் ஸ்டூடியோவில் துண்டு துண்டாகப் பதிவு செய்து ஒட்டிய 23 நிமிடப் பாட்டு ஒன்று அந்தப் பக்கம் முழுவதையும் எடுத்துக்கொள்கிறது. நான்காம் படியில் எடுத்த தாளை மறுபடி எடுத்துக்கொண்டு, குறிக்கத் தொடங்குங்கள்.